உதவி: லெட்டூஸ் நாற்று நூல் மாதிரி நீண்டு சாயுது

பனிக்காலக்கீரை: ஆராவது கெதியாச் சொல்லுங்கோ. லெட்டூஸ் விதை போட்டு 10 நாள். முளைக்கேக்க வடிவா இருந்தது, இப்ப எல்லாம் நூல் மாதிரி நீண்டு சாயுது. லைட் இருக்கு, தண்ணி விடுறன், உரமும் விட்டுப் பாத்தன். எங்க பிழை?

கால்கரிச்செடி: என்ன லைட், செடிக்கு மேல எவ்வளவு உயரம், தினம் எத்தனை மணி நேரம்? வெப்பம் எவ்வளவு? என்ன ரகம்? இதெல்லாம் தெரியாம ஒண்ணும் சொல்ல முடியாதுங்க.

தண்ணிப்பானை: டொரோண்டோப் பக்கமோ? அங்க குழாய்த் தண்ணியில குளோரமீன் எண்ட கிருமிநாசினி கலக்கினம். குளோரின் மாதிரி ஒரு ராத்திரி திறந்து வச்சாப் பறந்து போகாது. என்ர கணிப்பு அதுதான்.

மூத்தவேர்: மாதம் மூன்று முறை வரும் கேள்வி. பழைய இழைகளைத் தேடிப் பார்க்க யாருக்கும் பொறுமை இல்லை. ‘லைட் இருக்கு’ என்றால்? ஃப்ரிட்ஜுக்குள்ளும்தான் லைட் இருக்கிறது.

பனிக்காலக்கீரை: ஸ்காபரோ, பேஸ்மென்ட். 2 அடி வெள்ளை எல்ஈடி டியூப் ரெண்டு, தட்டில இருந்து 60 செ.மீ. மேல. டைமர் 8 மணித்தியாலம், வெளியிலயும் பகல் இப்ப ஒரு 9 மணித்தியாலம்தானே. முளைக்க வச்ச சூட்டு மேட் இன்னும் கீழ இருக்கு. வெளிச்சம் அளக்கிற ஃபோன் ஆப் 3000 லக்ஸ் காட்டுது.

கால்கரிச்செடி: அப்பாடா, இப்ப தெரியுது. வெள்ளை எல்ஈடிக்கு லக்ஸை (கண்ணுக்குத் தெரியற வெளிச்ச அளவு) ஏறக்குறைய 68ஆல வகுத்தா மைக்ரோமோல் கணக்கு வரும், அதாவது செடிக்கு உதவற வெளிச்சம் ஒரு சதுர மீட்டர்ல ஒரு நொடிக்கு எவ்வளவு விழுதுன்னு. 3000 லக்ஸ் = சுமார் 44. அதை 8 மணி நேரம் குடுத்தா ஒரு நாளைக்கு 1.3 மோல். லெட்டூஸ் கேக்கறது 12 முதல் 17. பத்துல ஒரு பங்கு வெளிச்சம்தான் கிடைக்குது. அதோட அடியில சூடு. சூடு வளரச் சொல்லுது, கட்டறதுக்கு வெளிச்சம் இல்லை, அதான் நூலா போகுது. உரம் விட்டா இன்னும் வேகமா நீளும்.

மேட்டை இன்னைக்கே எடுங்க. லெட்டூஸ் 18–20 டிகிரியிலயே முளைக்கும். 27 தாண்டினா பல ரகம் முளைக்காமலே படுத்துக்கும். லைட்டை 15 செ.மீ.க்கு இறக்கி 16 மணி நேரம் வைங்க. 14,000–15,000 லக்ஸ் வரணும். வரலைன்னா இன்னும் ரெண்டு டியூப். நீண்டதை ஆழமா புதைச்சுக் காப்பாத்த நினைக்காதீங்க, குருத்து மண்ணுக்குள்ள போனா அழுகும். புதுசா விதைங்க. மேல லேசா தூவினா போதும், பல ரகத்துக்கு முளைக்கவே வெளிச்சம் வேணும்.

தண்ணிப்பானை: 60இல இருந்து 15 எண்டால் தூரம் கால்வாசி. அப்ப வெளிச்சம் 16 மடங்கு. 48,000 லக்ஸில கருகிப் போகுமே?

மூத்தவேர்: தூரத்தின் வர்க்க விதி புள்ளி விளக்குக்கு. நீள டியூபுக்கு அருகில் போனால் அது பொருந்தாது. அங்கே தூரம் பாதியானால் வெளிச்சம் சுமார் இரண்டு மடங்குதான். பள்ளிப் பாடம்.

தண்ணிப்பானை: 2 அடி டியூபை 60 செ.மீ.இல வச்சு அளந்தால் அது முழு நீள விளக்கும் இல்லை, புள்ளியும் இல்லை. உங்கட பாடமும் அரைகுறைதான்.

கால்கரிச்செடி: ரெண்டு பேரும் சண்டையை நிறுத்துங்க. ஆப்பை இலை மட்டத்துல வச்சு நடுவுலயும் நாலு மூலையிலயும் அளந்தா முடிஞ்சுது. மூலையில குறைஞ்சா பக்கத்துல வெள்ளை அட்டை நிறுத்துங்க. ஊதா லைட்டுக்கு மட்டும் இந்த 68 கணக்கு உதவாது.

பனிக்காலக்கீரை: மேட் கழட்டியாச்சு. நடுவில 14,000, மூலையில 9,000. திருப்பி விதைச்சிட்டன். உரம் எவ்வளவு?

கால்கரிச்செடி: முதல் நிஜ இலை வர்ற வரை வெறும் தண்ணி. அப்புறம் மண் இல்லாத தண்ணி வளர்ப்புன்னா லிட்டருக்கு 4-18-38 உரத்தூள் (தழை-மணி-சாம்பல் சத்து விகிதம்) 0.6 கிராம், எப்சம் உப்பு 0.3, கால்சியம் நைட்ரேட் 0.6, நாற்றுக்கு இதுல பாதி. வரிசை முக்கியம்: முதல் ரெண்டும் முழுசா கரைஞ்ச பிறகுதான் கால்சியம். கெட்டியா ஒண்ணா கலந்தா வெள்ளையா படிஞ்சிடும், அது செடிக்குப் போகாது. பிஎச் (அமிலத்தன்மை அளவு) 5.8–6.2. டப்பாவில தண்ணி குறையும்போது விளிம்பு வரை நிரப்பாதீங்க, காத்துல வளந்த வேர் மூழ்கிடும்.

*(ஐந்து வாரம் கழித்து)*

பனிக்காலக்கீரை: நேராக் கொழுத்து வந்திட்டுது. ஆனா உள் இலை நுனி மண்ணிறமாக் கருகுது.

தண்ணிப்பானை: கால்சியம் குறை. கூட்டிப் போடுங்கோ.

கால்கரிச்செடி: போடாதீங்க. தண்ணியில கால்சியம் இருக்கு, உள் இலைக்குத்தான் போய்ச் சேரலை. இலை ஈரத்தை வெளிய விட்டாத்தான் கால்சியம் மேல ஏறும். மூடிக்கிட்ட குருத்துல காத்து ஓட்டமே இல்லை. சின்ன ஃபேன் ஒண்ணு, இலை லேசா ஆடுற அளவுக்கு, மேல இருந்து குருத்தைப் பார்த்து. லைட்டை 14 மணி நேரமாக்குங்க, ஈசியை (தண்ணியில கரைஞ்ச உரத்தோட அடர்த்தியைக் காட்டற அளவு) 1.2க்கு இறக்குங்க. கருகினது திரும்பாது, புது இலையைப் பாருங்க.

பனிக்காலக்கீரை: ஃபேன் வச்சன். புது இலை சுத்தம். நன்றி.

மூத்தவேர்: நுனிக் கருகல் ரகத்துக்கு ரகம் மாறும். முதல் நாளே கேட்டார்கள், என்ன ரகம் என்று இன்னும் சொல்லவில்லை.

கால்கரிச்செடி: ஆமாங்க, என்ன ரகம்?