அப்பீல் தள்ளுபடி ஆனது 52 நாள் கழித்துத்தான் தெரிந்தது

எங்கள் வயலுக்குப் போகும் வண்டிப்பாதை பற்றிய வழக்கு. முன்சீப் கோர்ட்டில் தோற்றதும் அப்பா சப் கோர்ட்டில் அப்பீல் போட்டார். அப்புறம் பக்கவாதம் வந்து படுத்துவிட்டார். வக்கீலும் உடம்பு முடியாமல் கோர்ட்டுக்கு வராமல் இருந்திருக்கிறார். அது எங்களுக்குத் தெரியாது. ஒருநாள் காலையில் பாதையின் குறுக்கே எதிர்த்தரப்பு வேலிக்கல் நட ஆரம்பித்தபோதுதான் ஓடிப்போய் விசாரித்தோம். தள்ளுபடி ஆகி 52 நாள். அதுவரை இருந்த இடைக்காலத் தடையும் அதோடு போய்விட்டது.

உத்தரவு நகலில் ஒரே வரி: அழைக்கப்பட்டார், வரவில்லை, தள்ளுபடி. அம்மா நிலமே போய்விட்டதாக அழுதார். புது வக்கீல்தான் தைரியம் சொன்னார்: "அம்மா, இது தீர்ப்பு இல்லை. உங்கள் பக்கம் நியாயம் இல்லை என்று யாரும் சொல்லவில்லை. ஆள் வரவில்லை, அவ்வளவுதான்."

உரிமையியல் நடைமுறைச் சட்டம் கட்டளை 41, விதி 19-இன்படி அப்பீலை மீண்டும் கோப்பில் எடுக்க மனு போடலாம். கெடு 30 நாள். அது தள்ளுபடியான தேதியிலிருந்து ஓடும், நமக்குத் தெரிந்த தேதியிலிருந்து அல்ல. எங்களுக்கு அது தாண்டிவிட்டதால், தாமதத்தை மன்னிக்கக் கேட்டு லிமிடேஷன் சட்டம் (வழக்குக் கெடுக்களைச் சொல்லும் சட்டம்) பிரிவு 5-இன்கீழ் இன்னொரு மனுவும் போட்டோம். அப்பாவின் டிஸ்சார்ஜ் சம்மரியை அபிடவிட்டோடு இணைத்தோம். வக்கீல் வராததற்குக் கட்சிக்காரரைத் தண்டிக்கக்கூடாது என்று 1981-இல் ரஃபீக் எதிர் முன்ஷிலால் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னதையும் காட்டினார்கள். 2,000 ரூபாய் செலவுத்தொகை கட்டச் சொல்லி அப்பீலைத் திரும்ப எடுத்தார்கள். தடைக்கு மட்டும் மறுபடி தனியாக மனு போட வேண்டியதாயிற்று.

உங்களில் யாருக்காவது இப்படி நடந்திருக்கிறதா?

*

என் மாமாவுக்கு நடந்தது வேறு மாதிரி. அவர் தரப்பில் யாரும் வராத நாளில், ஆவணங்களை அலசி 'அப்பீலில் சாரமில்லை' என்று மூன்று பக்கத்துக்கு எழுதித் தள்ளுபடி செய்துவிட்டார்கள். அப்படிச் செய்யவே கூடாது. அதே கட்டளை 41-இன் விதி 17-க்கு 1976 திருத்தத்தில் ஒரு விளக்கம் சேர்த்தார்கள்: அப்பீல் செய்தவர் வராவிட்டால் வராததற்காகத் தள்ளலாம், யார் பக்கம் நியாயம் என்பதைத் தொட்டுத் தீர்ப்பு எழுத முடியாது. உயர் நீதிமன்றம் அந்த உத்தரவை ரத்து செய்து திருப்பி அனுப்பியது. ஆனால் அதற்குள் நான்கு வருடம் போயிற்று. மாமா அதைப் பார்க்க உயிரோடு இல்லை. நகல் வாங்கியதும் என்ன எழுதியிருக்கிறது என்று தயவுசெய்து முழுதாகப் படியுங்கள்.

*

நாங்கள் எதிர்மேல்முறையீட்டாளர், அதாவது எங்களுக்கு எதிராகத்தான் அப்பீல். நோட்டீஸ் பழைய வீட்டு முகவரிக்குப் போய், எங்களைக் கேட்காமலே அப்பீலை அனுமதித்துவிட்டார்கள். மறுபடி விசாரிக்கக் கேட்க, அதே கட்டளையில் விதி 21 இருக்கிறது. அதற்கும் கெடு 30 நாள்தான், ஆனால் நோட்டீஸ் முறையாக நம்மிடம் சேர்க்கப்படவில்லை என்றால் தீர்ப்பு தெரிய வந்த நாளிலிருந்து கணக்கு. மனு போட்டிருக்கிறோம், அடுத்த வாய்தாவில் விசாரணை. இப்போது வாரம் ஒருமுறை இ-கோர்ட்ஸ் செயலியில் எங்கள் சி.என்.ஆர். எண்ணை (ஒவ்வொரு வழக்குக்கும் தரும் தனி எண்) போட்டு நானே பார்த்துவிடுகிறேன்.