இந்தியாவில மத்த நாலு பேரும் விடுதலை, தம்பிட பேர்ல மட்டும் கேஸ் நிக்குது. குவாஷ் (ரத்து) பண்ண ஏலுமா?

உப்புவெளி அக்கா:
எல்லாருக்கும் வணக்கம். 2006ல சண்டை துவங்கின நேரம் நாங்க மூதூர் பக்கத்தில இருந்து படகேறிப் போய் மண்டபம் அகதி முகாமில பதிஞ்சு, பிறகு ராமநாதபுரம் மாவட்டத்திலயே வேற இடத்தில கன வருசம் இருந்தனாங்கள். 2015ல தம்பி முறையா எக்ஸிட் பெர்மிட் எடுத்து திருகோணமலைக்கு வந்துட்டான். அவன் வாறதுக்குக் கொஞ்சம் முந்தி அங்க ஒரு டீக்கடை வாசல்ல அடிபிடி, எஃப்ஐஆர்ல நாலு பேர்ட பேரும் "மற்றும் சிலர்" எண்டும்தான் இருந்தது. அவன் வந்தாப் பிறகு போட்ட குற்றப்பத்திரிகையில அவனை அஞ்சாவது எதிரியா (குற்றம் சாட்டப்பட்ட ஆளா) சேர்த்திருக்கிறாங்க, இங்க ஒரு சம்மனும் வரேல்ல, ஆள் வரேல்ல எண்டு அவன்ட கேஸைப் பிரிச்சு பிடிவாரண்டும் போட்டிருக்காம். மத்த நாலு பேரும் விசாரணை நடந்து விடுதலை. அடிபட்ட ஆளே கூண்டில ஏறி ஆர் அடிச்சது எண்டு தெரியாது எண்டுட்டாராம். இப்ப தம்பிட மாமி அங்க சுகமில்லாமக் கிடக்கிறா, அவன் போய்ப் பாக்கோணும் எண்டு நிக்கிறான். எனக்குத்தான் நித்திரை இல்ல. இதை அப்பிடியே ரத்து செய்ய ஏலுமா?

கடலோரம்:
அக்கா, ஒரே சம்பவம், ஒரே சாட்சி. நாலு பேரை விட்டா அஞ்சாவது ஆளையும் விட்ட மாதிரித்தானே. பயப்பிடாம டிக்கெட் போடச் சொல்லுங்கோ.

மதுரை வக்கீல்:
அக்கா, தயவுசெஞ்சு டிக்கெட் போட்டுடாதீங்க. வாரண்ட் நிலுவையில இருக்கிற ஆளை ஏர்போர்ட்லயே நிறுத்த வாய்ப்பு இருக்கு. கூட்டு எதிரிங்க விடுதலையானா பிரிச்ச கேஸ் தானா முடியாது. அந்த விசாரணையில பதிவான சாட்சியம் அந்த நாலு பேருக்கு மட்டும்தான், உங்க தம்பி கேஸ்ல அதே சாட்சிகளைத் திரும்பக் கூப்பிட்டு விசாரிக்க சட்டத்துல இடம் இருக்கு. ஒரு கேஸோட சாட்சியத்தை இன்னொரு கேஸுக்குத் தூக்கிட்டுப் போகக்கூடாதுன்னு 2021ல நம்ம ஹைகோர்ட் மதுரைக் கிளையில இருந்து போன ஒரு சுங்க வழக்குலயே சுப்ரீம் கோர்ட் தெளிவா சொல்லிருக்கு.

ஆனா வழி இருக்கு. ஹைகோர்ட்டுக்கு உள்ளார்ந்த அதிகாரம்னு ஒண்ணு உண்டு, முந்தி குற்றவியல் நடைமுறைச் சட்டம் (சிஆர்பிசி) 482, 2024 ஜூலை 1ல இருந்து அதுக்குப் பதிலா வந்த பிஎன்எஸ்எஸ் சட்டத்துல 528. கேரள ஹைகோர்ட் முழு அமர்வு 2006ல மூசா வழக்குல சொன்னதுதான் இதுல அடிப்படை: மத்தவங்க விடுதலைங்கிறது மட்டும் காரணமாகாது, ஆனா அந்தத் தீர்ப்பால அரசுத் தரப்புக் கதையோட அஸ்திவாரமே போயிருந்தா தலையிடலாம். இந்த மாதிரி பிரிவு கேஸ்களை நம்ம கோர்ட்டும் ரத்து பண்ணிருக்கு.

அதனால தீர்ப்பை வாங்கிப் படிங்க. சம்பவமே நிரூபிக்கப்படலைன்னு விட்டாங்களா, இல்ல அந்த நாலு பேரை மட்டும் அடையாளம் காட்டலைன்னு விட்டாங்களா, இதுலதான் எல்லாம் இருக்கு. ரெண்டாவது வகைன்னா கஷ்டம், ஏன்னா உங்க தம்பியை நாளைக்கு ஒருத்தர் அடையாளம் காட்டலாம்னு அரசு வக்கீல் எந்திரிச்சு நிப்பார். குற்றப்பத்திரிகையில அவர் கையில கட்டை இருந்துச்சு, அவர்தான் மண்டையில அடிச்சார்னு தனியா எழுதியிருந்தாலும் அப்படித்தான்.

திருமலை சட்டத்தரணி:
தங்கச்சி, இங்கத்தைய முறையை நினைச்சு அங்க குழம்ப வேண்டாம். எங்கட சட்டத்தில 482 மாதிரி ஒரு பிரிவு இல்ல, இங்க எண்டா சட்டமா அதிபருக்கு (அட்டர்னி ஜெனரல்) எழுதி குற்றப்பத்திரத்தைத் திரும்பப் பெறச் சொல்லிக் கேப்பம், இல்லாட்டி மீளாய்வு. இது இந்திய வழக்கு, மதுரை வக்கீல் சொல்றபடி போங்கோ. வக்காலத்தில தம்பி இங்க இருந்தே கையெழுத்து வைக்கலாம், யாழ்ப்பாணத்தில இருக்கிற இந்தியத் துணைத் தூதரகத்தில அத்தாட்சிப்படுத்தி அனுப்புறது பாதுகாப்பு. எக்ஸிட் பெர்மிட்டும் பாஸ்போர்ட்ல குத்தின முத்திரையும் பத்திரம். அவன் ஓடி ஒளியேல்ல, குற்றப்பத்திரிகைக்கு முந்தியே சட்டப்படி நாட்டை விட்டு வந்தவன் எண்டதை அதுதான் காட்டும்.

உப்புவெளி அக்கா:
ரெண்டு பேருக்கும் பெரிய நன்றி. அங்க இருக்கிற மச்சான் தீர்ப்பை போட்டோ எடுத்து அனுப்பினவர். கடைசிப் பக்கத்தில இப்பிடி இருக்கு (அ.சா. எண்டா அரசுத் தரப்புச் சாட்சி): "அ.சா.1 முதல் அ.சா.4 வரை பிறழ் சாட்சிகளாகிவிட்டனர், சம்பவம் நடந்த இடமும் விதமும் சந்தேகத்திற்கு இடமின்றி நிரூபிக்கப்படவில்லை."

மதுரை வக்கீல்:
இது நல்ல தீர்ப்பு அக்கா. பிறழ் சாட்சின்னா போலீஸ்ல சொன்னதை கோர்ட்ல மாத்திச் சொன்னவங்க. அடையாளம்னு மட்டும் நிக்காம இடமும் விதமுமே போயிருச்சு. சான்றிட்ட நகலும் அந்த நாலு சாட்சிகளோட வாக்குமூல நகலும் மச்சானை எடுக்கச் சொல்லுங்க, போட்டோ போதாது. தேடப்படும் குற்றவாளின்னு பிரகடனம் எதுவும் போட்டாங்களான்னு கேஸ் கட்டுல பாக்கச் சொல்லுங்க, போட்டிருந்தா பழைய தண்டனைச் சட்டம் ஐபிசி 174ஏ தனிக் குற்றமா வரும், அதையும் சேர்த்தே மனுவுல கேக்கணும். அடிபட்டவர் இப்ப சமாதானமா இருந்தா அவர்கிட்ட ஒரு அபிடவிட் (சத்தியம் பண்ணின எழுத்து வாக்குமூலம்) வாங்குங்க. தனிப்பட்ட சண்டைகள்ல ரெண்டு தரப்பும் ஒத்துக்கிட்டா ஹைகோர்ட் ரத்து பண்ணலாம்னு 2012 கியான் சிங் தீர்ப்பு இருக்கு, அது ரெண்டாவது காலா நிக்கும். உத்தரவு கைக்கு வந்து, கீழ் கோர்ட்ல வாரண்டையும் திரும்ப வாங்கின பிறகு தம்பி வரட்டும். மாமியைப் பாக்க அதுவரைக்கும் அவர் வீட்டம்மா மட்டும் வரட்டும், அவங்க பேர்லதான் ஒண்ணும் இல்லையே.