கிரெடிட் கார்டு பாக்கி 1,48,000: நகையை வைப்பதா, சீட்டை எடுப்பதா?

நொய்யல் (கேள்வி):

கோவையில் வாடகை வீடு, நாலு பேர் குடும்பம். கைக்கு வரும் சம்பளம் 62,000. மாதச் செலவு இப்படிப் போகிறது: வாடகை 14,000, மளிகை, பால், காய்கறி எல்லாம் சேர்த்து 16,000, கரண்ட், கேஸ், போன் 3,500, பெட்ரோல் 3,500, ஃப்ரிட்ஜ் இ.எம்.ஐ 3,250 (இன்னும் 7 தவணை), ஏலச்சீட்டு 5,000, நகைக்கடைச் சேமிப்புத் திட்டம் 3,000 (11 மாதத்தில் 8 கட்டியாச்சு), கார்டுக்கு மினிமம் ட்யூ (மாதம் கட்டியே ஆக வேண்டிய குறைந்தபட்சத் தொகை) 7,400. கூட்டினால் 55,650. மிச்சம் 6,350 இருக்க வேண்டும், மாதக் கடைசியில் இருப்பதே இல்லை.

கார்டில் மொத்த பாக்கி 1,48,000. வட்டி மாதம் 3.6 சதவீதம் என்று ஸ்டேட்மென்ட்டில் போட்டிருக்கிறது. பாக்கியை 24 மாத இ.எம்.ஐ ஆக மாற்றித் தருகிறோம், 16 சதவீதம் என்று வங்கியிலிருந்து போன் வருகிறது. வீட்டில் 6 பவுன் நகை இருக்கிறது. சீட்டு 1 லட்சம், 20 மாதம், பதிவு செய்த கம்பெனி. 13 ஏலம் முடிந்துவிட்டது, இன்னும் எடுக்கவில்லை. எதைத் தொடுவது, எதைத் தொடக்கூடாது?

வரவு_செலவு:

முதலில் அந்த 7,400 எங்கே போகிறது என்று பாருங்கள். 1,48,000-க்கு 3.6 சதவீதம் என்றால் வட்டி 5,328. அந்த வட்டிக்கு 18 சதவீதம் ஜி.எஸ்.டி, 959. ஆக 6,287 போய், அசலில் கழிவது 1,113 ரூபாய்தான். மினிமம் ட்யூ என்பது பாக்கியில் 5 சதவீதம் என்பதால் பாக்கி குறையக் குறைய அதுவும் சேர்ந்தே குறையும். வெறும் மினிமம் மட்டும் கட்டிக்கொண்டே போனால் பாக்கி பாதியாவதற்கே ஏறக்குறைய 92 மாதம். ஏழரைச் சனிகூட அதற்கு முன்னால் விலகிவிடும்.

இதைவிட மோசமான இன்னொன்று, பாக்கி நிற்கும்போது கார்டைத் தேய்ப்பது. முழுப் பாக்கியும் கட்டாதவரை 45 நாள், 50 நாள் என்ற வட்டியில்லாக் காலம் உங்களுக்குக் கிடையாது. இன்று 1,200-க்கு மளிகை வாங்கினால் வாங்கிய நாளிலிருந்தே வட்டி ஓடும். 'அடுத்த மாதம்தானே பில்' என்று நினைத்துப் பலரும் மாட்டிக்கொள்வது இங்கேதான்.

வங்கி சொல்லும் 16 சதவீத மாற்று கார்டு வட்டியைவிட எவ்வளவோ மேல். தவணை 7,247 வரும், 24 மாதத்தில் வட்டி சுமார் 25,900. அந்த வட்டிக்கும் 18 சதவீதம் ஜி.எஸ்.டி உண்டு, அது சுமார் 4,700; அதை போனில் சொல்ல மாட்டார்கள். பிராசசிங் ஃபீஸ் தனி. நடுவில் அடைத்தால் ஃபோர்குளோஷர் கட்டணமும் கேட்பார்கள். நகை இல்லாதவர்களுக்கு இது சரியான வழி. உங்களிடம் நகை இருக்கிறது.

பொதுத்துறை வங்கியில் நகைக்கடன் 9.5 சதவீதம் என்று வைத்துக்கொள்வோம் (கிளைக்குப் போய் அன்றைய விகிதத்தைக் கேட்டுக்கொள்ளுங்கள்). முதல் மாத வட்டி 1,172. அதே 7,400-ஐ மாதாமாதம் அங்கே கட்டினால் 22 மாதத்தில் கடன் தீரும், மொத்த வட்டி 14,000-க்குள். அதே 7,400-ஐக் குறைக்காமல் கார்டுக்கே கட்டி வந்தால் 46 மாதம் ஆகும், கையை விட்டுப் போவது 3,36,000-க்கு மேல்.

சீட்டையும் இந்த மாதமே எடுத்துவிடுங்கள். ஏலத்தில் 12,000 தள்ளிக் கேட்டாலும் (அவ்வளவை விட்டுக்கொடுத்தாலும்) 88,000 கிடைக்கும்.

பவுன்கணக்கு:

மேலே சொன்னது சரி. அடகு வைக்கும் விதத்தைக் கொஞ்சம் சொல்கிறேன், தவறு நடப்பது பெரும்பாலும் அதில்தான்.

6 பவுனையும் கொண்டுபோய்க் கொட்டாதீர்கள். கிராமுக்கு 8,000 கொடுக்கிறார்கள் என்று வைத்தால் 1,48,000-க்கு நிகர எடை 18.5 கிராம் போதும், இரண்டரைப் பவுனுக்கும் குறைவு. நிகர எடை என்பதை மறக்கக்கூடாது. கல், அரக்கு, முத்து எல்லாம் கழித்துத்தான் மதிப்பீட்டாளர் எழுதுவார். கல் வைத்த அட்டிகை வீட்டுத் தராசில் 24 கிராம் காட்டும், அங்கே போனால் 19 என்பார். கல்லில்லாத வளையல், செயின்தான் அடகுக்கு நல்லது.

இரண்டு கடனாகப் பிரித்து வாங்குங்கள், இரண்டு பாக்கெட். ஒரே கடனாக வைத்தால் முக்கால்வாசி கட்டிய பிறகும் மொத்த நகையும் உள்ளேயே கிடக்கும். பிரித்து வைத்தால் ஒன்றை முடித்து அந்த நகையைத் திருப்பி எடுத்துவரலாம், நடுவில் வேறு அவசரம் வந்தால் கையில் ஒன்று இருக்கும்.

கவுண்டரில் கேட்க வேண்டிய கேள்வி ஒன்று உண்டு: நடுநடுவே கட்டும் பணம் அன்றே அசலில் கழியுமா? வருஷக் கடைசியில் மொத்தமாகக் கட்டும் வகையில் வாங்கிவிட்டு மாதாமாதம் கட்டாமல் விட்டால், 12-வது மாதம் வட்டியை மட்டும் கட்டி அதே நகையை மறுபடி வைப்பதுதான் பெரும்பாலான வீடுகளில் நடக்கிறது. அசல் அப்படியே நிற்கும், வருஷம் மட்டும் ஓடும். சம்பள நாளுக்கு மறுநாள் 7,400 தானாகக் கடன் கணக்குக்குப் போகும்படி ஸ்டாண்டிங் இன்ஸ்ட்ரக்ஷன் போட்டுவிடுங்கள்.

'கிராமுக்கு அதிகம்' என்று போர்டு வைத்திருக்கும் இடத்தில் வட்டியும் அதிகமாகத்தான் இருக்கும். சில ஃபைனான்ஸ் திட்டங்களில் 30 நாளுக்குள் வட்டி கட்டினால் ஒரு விகிதம், தாண்டினால் படிப்படியாக ஏறும். உங்களுக்குத் தேவை குறைந்த வட்டி. அதிகக் கடன் இல்லை. ரிசர்வ் வங்கி 2025 ஜூனில் வெளியிட்ட விதிகளில் 2.5 லட்சம் வரையிலான கடனுக்கு நகை மதிப்பில் 85 சதவீதம் வரை கொடுக்கலாம் என்று ஏற்றினார்கள், 2026 ஏப்ரல் 1-க்குள் எல்லா இடத்திலும் அமல். கொடுக்கலாம் என்பதற்காக அவ்வளவும் வாங்கினால் விலை இறங்கும்போது நோட்டீஸ் வரும். அதே விதியில் நமக்கு உபயோகமானதும் ஒன்று இருக்கிறது: கடனை முழுதாக அடைத்தபின் 7 வேலை நாளுக்குள் நகை கைக்கு வர வேண்டும், அவர்கள் பக்கத்துத் தாமதம் என்றால் நாளுக்கு 5,000 ரூபாய் தர வேண்டும்.

தள்ளு_பார்ப்பவர்:

வரவு_செலவு சார், சீட்டு விஷயத்தில் மட்டும் ஒத்துக்கொள்ள முடியாது. கார்டு கடன் நிற்கிறது என்றால் நீங்கள் சொல்வது நியாயம். 88,000-க்குக் கார்டு வட்டி ஆறு மாதத்தில் 22,000-க்கு மேல். ஆனால் கடன் ஏற்கெனவே 9.5 சதவீதத்துக்கு வந்துவிட்டதே, இனி கணக்கு வேறு.

சீட்டுக் கம்பெனியின் கமிஷன் 5 சதவீதம் என்றால் கடைசி மாதம் எடுப்பவருக்கு 95,000. இப்போது 12,000 தள்ளி எடுத்தால் 88,000. இழப்பு 7,000. அந்த 88,000-ஐ ஆறு மாதம் முன்னதாக நகைக்கடனில் போட்டால் மிச்சமாகும் வட்டி சுமார் 4,200. எதற்கு எடுக்க வேண்டும்? மொத்தத் தள்ளு 9,000-க்குள் நின்றால் எடுக்கலாம், கிட்டத்தட்ட சரிக்குச் சரி. கடைசிப் பக்க ஏலங்களில் போட்டி குறையும் என்பதால் அப்படி நிற்கவும் வாய்ப்புண்டு. போய் உட்கார்ந்து பாருங்கள், கேட்பதற்கு அவசரப்பட வேண்டாம்.

எடுத்தால் ஜாமீன் கேட்பார்கள். மீதி 6 தவணை, 30,000-க்குத்தான் ஜாமீன் என்றாலும், சம்பளச் சான்றிதழோடு ஆள் கிடைத்துக் காகிதம் முடிந்த பிறகுதான் காசோலை வரும். ஏலம் எடுத்த அன்றே பணம் என்று நினைத்து வேறு யாருக்கும் தேதி சொல்லாதீர்கள். தவணை தவறினால் கசர் (தள்ளுத் தொகையில் உங்கள் பங்காகத் தவணையில் கழிவது) போய்விடும், அதுவரை 5,000-க்குக் குறைவாகக் கட்டி வந்தது முழு 5,000 ஆகிவிடும்.

எடுக்காமல் விட்டால் நடப்பது இது: இந்த மாதத்திலிருந்து 7,400 வீதம் 7 மாதம் கட்டினால் நகைக்கடன் பாக்கி சுமார் 1,03,400. அந்த மாதமே சீட்டு முடிந்து 95,000 வரும். மீதி 8,400 சொச்சம். ஒன்பதாவது மாதம் இரண்டு பாக்கெட்டும் வீட்டுக்கு வந்துவிடும்.

வரவு_செலவு:

ஒத்துக்கொள்கிறேன், வரிசையைக் கவனிக்காமல் எழுதிவிட்டேன். முதலில் நகை, சீட்டு கடைசியில்.

கார்டை அடைப்பதில் ஒரு சிக்கலைச் சொல்லாமல் விட்டேன். ஸ்டேட்மென்ட்டில் இருக்கும் தொகையைக் கட்டிவிட்டு முடிந்தது என்று இருந்தால் அடுத்த மாதம் மறுபடி இரண்டாயிரம், மூவாயிரம் வந்து நிற்கும். அது தவறில்லை, ஸ்டேட்மென்ட் தேதியிலிருந்து நீங்கள் கட்டிய நாள் வரை ஓடிய வட்டி. அதனால் பணம் கையில் வந்த அன்று கஸ்டமர் கேரில் 'இன்று முழுதாக முடிக்க எவ்வளவு' என்று கேட்டு அதைக் கட்டுங்கள். அடுத்த இரண்டு ஸ்டேட்மென்ட் பூஜ்யம் காட்டும்வரை கார்டை வெளியே எடுக்க வேண்டாம். ஓ.டி.டி, ரீசார்ஜ் என்று கார்டில் ஆட்டோ பே போட்டிருந்தால் முன்னதாகவே எடுத்துவிடுங்கள், 199 ரூபாய் விழுந்தாலும் பூஜ்யம் கெட்டுப்போகும்.

'செட்டில்மென்ட் பண்ணிக்கலாம், குறைத்துத் தருகிறோம்' என்று யாராவது பேசினால் வேண்டாம் என்று சொல்லிவிடுங்கள். சிபில் அறிக்கையில் (உங்கள் கடன் வரலாற்றுப் பதிவு) அது 'செட்டில்டு' என்று நிற்கும், நாளைக்கு வீட்டுக்கடன் கேட்கும்போது முதல் கேள்வியே அதுவாக இருக்கும். கார்டையே மூட வேண்டுமென்றால் பாக்கி பூஜ்யமான பிறகு எழுத்தில் கேளுங்கள். 2022 ரிசர்வ் வங்கி விதிப்படி 7 வேலை நாளுக்குள் மூட வேண்டும், இல்லையென்றால் நாளுக்கு 500 ரூபாய் உங்களுக்குத் தர வேண்டும்.

ஐந்தாம்_தேதி:

எல்லோரும் கடனை அடைப்பதைப் பற்றியே பேசுகிறீர்கள். நொய்யல், உங்கள் பட்டியலில் பள்ளிக் கட்டணம் எங்கே? தீபாவளி எங்கே? மொய் எங்கே?

நொய்யல்:

அது மாதாமாதம் வருவதில்லை என்று எழுதவில்லை. பள்ளிக்கு வருஷம் 42,000. மெடிக்கல் இன்ஷூரன்ஸ், வண்டி இன்ஷூரன்ஸ் 19,000. தீபாவளிக்குத் துணி, பலகாரம், ஊருக்குப் போக 25,000. மொய், சீர் 12,000.

ஐந்தாம்_தேதி:

கூட்டுங்கள், 98,000. பன்னிரண்டால் வகுத்தால் மாதம் 8,167. உங்கள் மிச்சம் 6,350. அதாவது மிச்சம் என்று ஒன்று இல்லவே இல்லை, மாதம் 1,817 பள்ளம். ஜூனில் பள்ளிக்கும் ஐப்பசியில் துணிக்கடைக்கும் கார்டு நீண்டது அந்தப் பள்ளத்தை மூடத்தான். அதில் வருஷத்துக்கு 43 சதவீத வட்டி சேர்ந்துகொண்டது. இப்போது நகையை வைத்துக் கார்டை அடைத்தாலும் இந்த 98,000-க்கு வழி செய்யாவிட்டால் அடுத்த ஜூனில் கார்டும் இருக்கும், நகைக்கடனும் இருக்கும்.

சம்பளக் கணக்கில்லாத இன்னொரு வங்கியில் ஒரு சேமிப்புக் கணக்கு. டெபிட் கார்டு வேண்டாம், யு.பி.ஐ இணைக்க வேண்டாம். மாதம் 8,200 அங்கே போகட்டும். முதல் மூன்று மாதம் அவ்வளவு முடியாது, 6,000 போடுங்கள். நகைக்கடைத் திட்டத்தில் இன்னும் மூன்று தவணைதான், அதை முடித்துவிடுங்கள். நடுவில் விட்டால் போனஸ், செய்கூலிச் சலுகை போகும், ரொக்கமாகவும் பெரும்பாலும் தர மாட்டார்கள். முடிந்ததும் புதிதாகச் சேர வேண்டாம். அடுத்த திட்டத்துக்கான அட்டையை எழுதிக் கையில் கொடுத்துத்தான் அனுப்புவார்கள், கவனம். (முன்பணத்துக்கு 365 நாளுக்குள் பொருள் கொடுக்காவிட்டால் கம்பெனிச் சட்டப்படி அது டெபாசிட் ஆகிவிடும். திட்டங்கள் 11 மாதத்தில் முடிவது அதனால்தான்.) அந்த 3,000 நான்காவது மாதத்திலிருந்து வருஷச் செலவுக் கணக்குக்குத் திரும்பினால் பள்ளம் மூடிவிடும். ஃப்ரிட்ஜ் தவணை முடிந்தால் இன்னும் 3,250.

ஃப்ரிட்ஜ் தவணை எடுக்கும் நாளில் கணக்கில் 3,250 இருக்கிறதா என்று மட்டும் பார்த்துக்கொள்ளுங்கள். ஒரு தடவை திரும்பினால் வங்கி ஒரு பக்கம், ஃபைனான்ஸ் கம்பெனி ஒரு பக்கம் என்று இரண்டு இடத்திலும் கட்டணம் பிடிப்பார்கள்.

மளிகை 16,000-ஐ வெட்டச் சொல்ல மாட்டேன், நாலு பேருக்கு அது ஒன்றும் ஊதாரித்தனம் இல்லை. ஆனால் அந்த 16,000 உண்மையான எண்ணா, உத்தேசமா என்பது சந்தேகம். யு.பி.ஐ-யில் 40-ம் 70-மாகப் போவதை யாரும் கூட்டுவதில்லை. யு.பி.ஐ-யை ஒரே ஒரு சின்னக் கணக்கில் மட்டும் இணைத்து, சனிக்கிழமைதோறும் 3,700 அதற்கு மாற்றுங்கள். வியாழனே தீர்ந்துவிட்டால் 16,000 என்பது பொய்க்கணக்கு.

நொய்யல்:

3,700 வைத்துப் பார்க்கிறேன். பவுன்கணக்கு சார், தாலிக்கொடி தவிர ஒரு நெளி வளையல் ஜோடி இருக்கிறது, 20 கிராம், ஹால்மார்க் இல்லாத பழசு. எடுத்துக்கொள்வார்களா?

பவுன்கணக்கு:

எடுத்துக்கொள்வார்கள், ஹால்மார்க் கட்டாயமில்லை. உரைத்துப் பார்த்து எத்தனை காரட் என்று எழுதுவார்கள். பழைய நகை 20 காரட் என்று வந்தால் அதற்குத் தகுந்தபடி தொகை குறையும், 18.5 கிராம் கணக்கு 20.4 ஆகிவிடும். கையில் ஒரு மோதிரமும் எடுத்துப் போங்கள். ஜோடியைப் பிரித்து இரண்டு பாக்கெட்டில் ஒவ்வொரு வளையலாக வைக்கச் சொல்லுங்கள். மதிப்பீட்டாளர் எடை எழுதிய சீட்டில் மொத்த எடை, நிகர எடை, காரட் மூன்றும் இருக்கிறதா என்று பார்த்து, போனில் ஒரு படம் எடுத்துக்கொண்டு அப்புறம் கையெழுத்துப் போடுங்கள்.