126-ஆம் பிரிவு நோட்டீஸும் எகிறிய பில்லும்: ஒரே மனு போதுமா?

கேள்வி:
வீட்டு இணைப்பு. முன்னறையில் மூன்று தையல் மெஷின் ஓடுகிறது. ஆய்வுக்கு வந்தவர்கள் வணிகப் பயன்பாடு என்று எழுதி, 12 மாதத்துக்கு ₹84,000 என மின்சாரச் சட்டத்தின் 126-ஆம் பிரிவில் (அனுமதியற்ற பயன்பாடு) தற்காலிக மதிப்பீட்டு ஆணை கொடுத்திருக்கிறார்கள். ஏழு நாளில் கட்டச் சொல்கிறது. இதே இணைப்பின் கடைசி பில்லில் யூனிட் மும்மடங்கு. வழக்கமாக ₹3,100 வருவது ₹9,600 வந்திருக்கிறது. இரண்டையும் சேர்த்து மின் நுகர்வோர் குறைதீர்க்கும் மன்றத்தில் ஒரே மனு போடலாமா? அதுவரை லைனைத் துண்டிப்பார்களா?

பதில் 1:
சேர்க்கவே சேர்க்காதீர்கள். பணம் கேட்டு வந்த தாளில் எந்தப் பிரிவு எண் இருக்கிறது என்பதுதான் எந்த வாசலுக்குப் போக வேண்டும் என்பதைச் சொல்லும். 2003 மின்சாரச் சட்டத்தின் 126 என்றால் குறைதீர்க்கும் மன்றம் எடுக்காது. சிவில் கோர்ட்டை 145-ஆம் பிரிவு தடுக்கிறது. நுகர்வோர் நீதிமன்றத்திலும் இதற்கு இடமில்லை என்று 2013-ல் அனீஸ் அகமது வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. தவறான இடத்தில் மனு கொடுத்துக் காத்திருக்கையில் மேல்முறையீட்டுக்கான 30 நாள் ஓடிப்போகும். இங்கேதான் பலர் கோட்டை விடுகிறார்கள்.

ஏழு நாள் கெடு, ஒப்புக்கொண்டு கட்டுபவருக்கு மட்டும். நீங்கள் ஒப்புக்கொள்ளவில்லை என்றால் ஆட்சேபணையை எழுத்தில் கொடுத்து, நேர்முக விசாரணை கேளுங்கள். தற்காலிக ஆணை கைக்கு வந்த நாளிலிருந்து 30 நாளுக்குள் இறுதி ஆணை போட வேண்டும். அலுவலகத்தில் நீட்டும் எந்தத் தாளிலும் 'சம்மதிக்கிறேன்' என்று எழுதிவிடாதீர்கள். சம்மதத்தின் பேரில் வந்த இறுதி ஆணைக்கு மேல்முறையீடே கிடையாது, 127(5).

ஆட்சேபணையில் முதலில் அடிக்க வேண்டியது அந்த 12 மாதம். எப்போதிலிருந்து அப்படிப் பயன்படுத்தினார்கள் என்று தெரியாவிட்டால்தான் ஆய்வு நாளுக்கு முந்தைய 12 மாதம். மெஷின் வாங்கிய பில் நான்கு மாதத்துக்கு முந்தையது என்றால் அதைச் சேருங்கள்; மாதக் கணக்கு சமமாக இருந்தால் ₹84,000 என்பது ₹28,000 ஆகிவிடும். அடுத்தது கணக்குத்தாள். உரிய கட்டண வகையின் (வீடு, வணிகம் போன்றவை) கட்டணத்தைப் போல் இரு மடங்கு போடச் சட்டம் இடம் தருகிறது. ஆனால் எந்த வகையின் கட்டணத்தை எடுத்தார்கள், வீட்டு ஃபேனும் ஃபிரிட்ஜும் இழுத்த யூனிட்டையும் வணிகத்தில் சேர்த்தார்களா என்று வரிவரியாகக் கேளுங்கள். உங்கள் மாநில ஒழுங்குமுறை ஆணையத்தின் கட்டண ஆணையையும் படியுங்கள். வீட்டிலேயே செய்யும் சிறு வேலை எந்தக் கட்டண வகையில் வரும் என்பது அதில்தான் இருக்கும்.

பதில் 2:
₹9,600 பில் தனி வழி. அதற்குத்தான் 42(5)-ன் கீழ் குறைதீர்க்கும் மன்றம். அங்கே தீரவில்லை என்றால் 42(6)-ன் கீழ் மின் குறைதீர்ப்பாளர். துண்டிக்க 15 முழு நாள் எழுத்து நோட்டீஸ் வேண்டும். கேட்ட தொகை, கடந்த ஆறு மாத சராசரிக் கட்டணம், இவற்றில் எது குறைவோ அதை ஆட்சேபணையுடன் கட்டிவிட்டால் தகராறு முடியும்வரை துண்டிக்க முடியாது. இது 56(1)-ன் விதிவிலக்கு. ஆறு மாத சராசரி ₹3,100 என்றால் அதைக் கட்டினால் போதும். ஆன்லைனில் பகுதித் தொகை ஏற்கவில்லை என்றால் கடிதத்தோடு டிடி கொடுத்து, நகலில் தேதி முத்திரை வாங்கிக்கொள்ளுங்கள்.

மனு போடுமுன் மெயின் சுவிட்சை அணைத்துவிட்டு மீட்டரின் சிவப்பு விளக்கைப் பாருங்கள். அப்போதும் சிமிட்டினால் மெயினுக்கு முன்னால் எங்கோ கசிகிறது, அல்லது மீட்டரிலேயே கோளாறு. பிறகு மற்ற எல்லாவற்றையும் அணைத்து 1000 வாட் ஹீட்டர் ஒன்றை மட்டும் போடுங்கள். மீட்டர் முகப்பில் யூனிட்டுக்கு 3200 துடிப்பு (imp/kWh; ஒரு துடிப்பு ஒரு சிமிட்டல்) என்று இருந்தால் நிமிடத்துக்கு ஏறக்குறைய 53 சிமிட்டல் வர வேண்டும். 80, 90 வந்தால் மனுவில் எழுத உங்கள் கையில் ஒரு எண் இருக்கிறது. வோல்டேஜ் கூடக்குறைய இருந்தால் சில எண்ணிக்கை மாறும், அதைப் பிடித்துக்கொண்டு சண்டைக்குப் போக வேண்டாம்.

மீட்டர் கணக்கு பயன்பாட்டோடு ஒத்துப்போகவில்லை என்று புகார் கொடுத்தால் ஐந்து நாளுக்குள் கூடுதல் மீட்டர் வைத்து, குறைந்தது மூன்று மாதம் ஒப்பிட வேண்டும். நுகர்வோர் உரிமை விதிகளில் 2024-ல் வந்த திருத்தம் இது. புகாரில் 'கூடுதல் மீட்டர் வேண்டும்' என்று வெளிப்படையாக எழுதுங்கள்.

கேட்டவர்:
126-க்கும் அந்த ஆறு மாத சராசரி உதவுமா?

பதில் 1:
அதை நம்பி இருக்காதீர்கள். இறுதி ஆணை பாதகமாக வந்தால் 30 நாளுக்குள் 127-ன் கீழ் மேல்முறையீட்டு அதிகாரியிடம் போக வேண்டும். மதிப்பீட்டுத் தொகையில் பாதியை, அதாவது ₹84,000 நின்றால் ₹42,000-ஐ, மின் நிறுவனத்தில் ரொக்கமாகவோ டிடியாகவோ கட்டி ரசீதை இணைக்காவிட்டால் மனுவை ஏற்கவே மாட்டார்கள். மாநில ஆணையம் நிர்ணயித்த கட்டணம் தனி. கூடவே துண்டிப்புக்குத் தடை கேட்டு ஒரு மனுவும் வையுங்கள். கட்டாமல் இழுத்தால், ஆணை தேதியிலிருந்து 30 நாள் கழிந்தபின் ஆண்டுக்கு 16% வட்டி, ஆறு மாதத்துக்கு ஒருமுறை கூட்டு வட்டியாக ஏறும். மேல்முறையீட்டு ஆணையே இறுதியானது. அதற்கப்புறம் உயர் நீதிமன்றத்தில் ரிட்தான்.

பதில் 3:
இரண்டு வருடத்துக்கு மேற்பட்ட பாக்கி செல்லாது என்று யாராவது தைரியம் சொன்னால் முழுசாக நம்ப வேண்டாம். அந்த இரண்டு வருடக் கெடுவைச் சொல்லும் 56(2)-ஐப் பற்றி 2020-ல் ரஹமத்துல்லா கான் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னது: கெடு தாண்டினால் லைனைத் துண்டிக்க முடியாது, வேறு சட்ட வழியில் வசூலிக்கத் தடையில்லை. ஆகவே பழைய தொகை பில்லில் ஏறினால், துண்டிப்பு நோட்டீஸுக்குத் தனியாகவும் தொகைக்குத் தனியாகவும் ஆட்சேபணை எழுதுங்கள்.