பழைய ஸ்காட்லாந்து பார்லிமென்ட்ல ஒரு ஷயருக்கு எத்தன பேரு? 2ஆ 4ஆ?

தேவகோட்டை தம்பி:
எல்லாருக்கும் வணக்கம். காரைக்குடில எம்.ஏ. ஹிஸ்டரி படிக்கிறேன், அடுத்த வியாழக்கிழம செமினார். 1707ல இங்கிலாந்தோட சேர்றதுக்கு முன்னாடி ஸ்காட்லாந்து பார்லிமென்ட்ல ஷயர்காரங்க, அதாவது கவுண்டி (நம்ம ஊர் ஜில்லா மாதிரி) பிரதிநிதிங்க, எப்படி வந்தாங்கங்கறதுதான் தலைப்பு. ரெண்டு நாளா படிச்சும் குழப்பம்தான் மிச்சம். ஒரு எடத்துல 1428ல ஆரம்பிச்சதுன்னு போட்டிருக்கு, இன்னொரு எடத்துல 1587ன்னு இருக்கு. ஷயருக்கு 2 பேருன்னு ஒருத்தர், 4 பேருன்னு இன்னொருத்தர். சேந்தப்பறம் பாத்தா எல்லா ஷயருக்கும் சேத்தே 30 பேருதான். இதுல எது சரி? ஜனத்தொகை பாத்துதான் சீட்டு குடுத்தாங்களா? தெரிஞ்சவங்க கொஞ்சம் சொல்லுங்க, ப்ளீஸ்.

கானாடுகாத்தான் வாத்தியார்:
தம்பி, நீ பாத்தது எல்லாமே சரிதான், வருஷம்தான் வேற வேற. ஸ்காட்லாந்து ராஜா ஜேம்ஸ் 1 சின்ன வயசுலயே இங்கிலாந்துல மாட்டி 18 வருஷம் கைதியா இருந்துட்டு 1424ல ஊர் திரும்புனாரு, அங்க கவுண்டிக்காரங்க பார்லிமென்ட்ல உக்காந்து பேசறத பாத்த மனுஷன் நம்ம ஊர்லயும் அப்படி இருக்கட்டும்னு 1428ல ஒரு சட்டம் போட்டாரு. சின்ன நிலக்காரங்க எல்லாரும் நேர்ல வர வேணாம், ஷயருக்கு ரெண்டோ அதுக்கு மேலயோ விவரமான ஆளா பாத்து அனுப்பிச்சா போதும், கிளாக்மனன், கின்ராஸ் ரெண்டும் குட்டி ஷயருங்கறதால ஒவ்வொருத்தரு போதும்னு. ஆனா யாரும் அனுப்பல. ஏன்னா அப்ப பார்லிமென்ட்டுக்கு போறத உரிமையா யாரும் நெனைக்கல, அது ஒரு செலவு. குதிரை, சாப்பாடு, தங்கல் எல்லாம் கைக்காசு.

அந்த நெனப்பு மாறுனது 1560ல. மதச் சீர்திருத்த பார்லிமென்ட்டுக்கு லேர்ட்னு சொல்ற சின்ன நிலக்காரங்க நூறு பேருக்கு மேல கூப்பிடாமயே கிளம்பி வந்துட்டாங்க, எங்க மதத்தப் பத்தி முடிவு எடுக்கறப்ப நாங்க வெளிய நிக்க முடியாதுன்னு. எனக்கு இந்த சரித்திரத்துலயே ரொம்பப் புடிச்ச எடம் இதுதான், செமினார்ல இத விட்டுறாத. அதுக்கப்பறம்தான் 1587ல ஜேம்ஸ் 6 பழைய சட்டத்த தூசி தட்டி எடுத்து நிஜமாவே நடைமுறைக்கு கொண்டாந்தாரு. ஷயருக்கு 2, அந்த ரெண்டு குட்டி ஷயருக்கு மட்டும் 1. வருஷா வருஷம் செப்டம்பர் 29 மைக்கேல்மஸ் பண்டிகைக்கு அப்பறம் ஷெரீப் கோர்ட் கூடும்ல, அங்கயே வச்சு தேர்ந்தெடுக்கணும். போற ஆளோட செலவ அந்த ஷயரோட ப்ரீஹோல்டருங்க, அதாவது ஓட்டு உள்ள நிலக்காரங்க, பங்கு போட்டு குடுக்கணும்.

ஆனா 2 பேரு போனாலும் ஷயருக்கு ஓட்டு ஒண்ணுதான். 1640ல பிஷப்புகள பார்லிமென்ட்லருந்து வெளிய அனுப்புனப்பறம்தான் ஆளுக்கு ஒரு ஓட்டுன்னு ஆச்சு, அன்னிக்கு ஷயர்காரங்க பலம் ஒரே நாள்ல ரெண்டு மடங்கு. நீ பாத்த 4ங்கறது 1690. அந்த வருஷம் பெரிய ஷயர்களுக்கு மொத்தம் 26 எடம் கூட்டுனாங்க, பைப், பெர்த், அயர், லேனார்க் எல்லாம் 4 ஆனது அப்பதான்.

ஆத்தங்குடி ஆச்சி:
சார் நல்லா வெளங்குச்சு. எம் பையன் எடின்பரோல வேலை பாக்கறான், போன தடவ போனப்ப அந்த பார்லிமென்ட் ஹாலுக்கு கூட்டிட்டுப் போனான். 1639ல கட்டி முடிச்சதாம். மேல ஓக் மரத்துல கூரை, உத்தரமெல்லாம் கை நீட்டுனாப்ல ஒண்ணுக்கு மேல ஒண்ணு ஏறி நிக்கிது, நம்ம வீட்டு பர்மா தேக்கு தூண பாத்துப் பழகுன கண்ணுக்கே அண்ணாந்து பாத்தா கழுத்து வலிக்குது. இப்ப அது கோர்ட்டோட சேந்தது, வக்கீலுங்க ரெண்டு ரெண்டு பேரா இந்தக் கடைசிலருந்து அந்தக் கடைசிக்கு நடந்துக்கிட்டே பேசறாங்க, மத்தவங்க காதுல விழக்கூடாதுன்னு. பிரபு, ஷயர்காரர், டவுன்காரர் எல்லாருக்கும் இந்த ஒரே ஹால்தான், இங்கிலாந்து மாதிரி தனித்தனி சபை இல்லைன்னு சொன்னான்.

எனக்கு ஒரு சந்தேகம். நம்ம கோயில்ல கல்யாணம் ஆனா ஒரு புள்ளி, பணக்காரன் ஏழை பாக்காம புள்ளிக்கு இவ்வளவுன்னு வரி. அங்க ப்ரீஹோல்டர்னா அப்படி வீட்டுக்கு ஒரு புள்ளியா? பொம்பளைங்க பேர்ல நிலம் இருந்தா?

பள்ளத்தூர் வக்கீல்:
ஆச்சி, புள்ளி மாதிரி இல்ல, அங்க கணக்கு ஆள வச்சு கிடையாது, நிலத்த வச்சு. அதுலயும் ராஜாகிட்டருந்து நேரா வாங்குன நிலமா இருக்கணும். இத நம்ம ஊர வச்சு சொன்னா டக்குனு புரியும். காரைக்குடி பக்கம் பழைய சிவகங்கை ஜமீன், ஒருத்தருக்கு அம்பது வேலி இருந்தாலும் ஜமீனுக்கு கீழ இருந்தா அவரு சர்க்காருக்கு நேர் ஆள் இல்ல. ஸ்காட்லாந்து கணக்குப்படி அவருக்கு ஓட்டு கிடையாது. நிலத்த உழுது அனுபவிக்கறது ஒருத்தரு, ராஜாவுக்கு நேரா பதில் சொல்ற மேல் உரிமை இன்னொருத்தரு, ஓட்டு அந்த மேல் உரிமையோட ஒட்டுனது. தம்பி கேட்ட ஜனத்தொகைக்கும் இதான் பதில், ஜனத்தொகைங்கற பேச்சுக்கே எடமில்ல.

மதிப்பு எவ்வளவுன்னா 40 ஷில்லிங், அதுவும் இன்னிக்கு மதிப்பு இல்ல, எப்பவோ போட்ட பழைய மதிப்பீடு. நூறு நூறு வருஷத்துக்கு முந்தின ரெக்கார்ட காட்டி நிரூபிக்கணும், எத்தன பேரு வீட்டுல அது இருக்கும் சொல்லுங்க. அதனாலதான் 1681ல, பழைய மதிப்பு இல்லாட்டி வரிக் கணக்குல நில மதிப்பு 400 ஸ்காட்ஸ் பவுண்டு இருந்தாலும் சரின்னு சட்டம் வந்துச்சு. 12 ஸ்காட்ஸ் பவுண்டு சேந்தாதான் ஒரு இங்கிலீஷ் பவுண்டு, அதையும் ஞாபகம் வச்சுக்க தம்பி, இல்லாட்டி தொகை பெருசா தெரியும். மைக்கேல்மஸ் கோர்ட்ல லிஸ்ட்ட வாசிப்பாங்க, இவருக்கு தகுதி இல்லன்னு அங்கயே ஆட்சேபம் சொல்லலாம்.

பொம்பளைங்களுக்கு ஓட்டு இல்ல ஆச்சி. பொண்டாட்டி பேர்ல உள்ள நிலத்துக்கு புருஷன் போய் ஓட்டு போடலாம், அவ்வளவுதான். இது படிக்கறப்ப எனக்கு மனசுக்கு கஷ்டமாத்தான் இருந்துச்சு. இன்னொண்ணு, பிரபுவோட மூத்த மகன் ஷயர் சார்பா உக்கார முடியாது, அப்பன் ஒரு பக்கம் மகன் ஒரு பக்கம்னு ரெண்டு பக்கமும் ஒரே குடும்பம் புடிச்சுக்கக் கூடாதுன்னு.

தேவகோட்டை தம்பி:
வாத்தியார் சார், வக்கீல் அண்ணே, ஆச்சி, எல்லாருக்கும் நன்றி. ஜமீன் உதாரணத்த அப்படியே செமினார்ல சொல்லப் போறேன். கடைசியா ஒண்ணு, அந்த 30 எப்படி வந்துச்சு?

கானாடுகாத்தான் வாத்தியார்:
கடைசி காலத்துல ஷயர்காரங்க சுமார் 90 பேரு இருந்தாங்க தம்பி. 1707 ஜனவரி 16 அன்னிக்கு 110க்கு 67ன்னு ஓட்டு விழுந்து யூனியன் நிறைவேறுச்சு. லண்டன் காமன்ஸ் சபைல ஸ்காட்லாந்துக்கு மொத்தமே 45 எடம், அதுல ஷயருக்கு 30, டவுனுக்கு 15. பெரிய ஷயர் 4லருந்து 1க்கு எறங்குச்சு. 6 குட்டி ஷயருக்கு அதுவும் இல்ல, ஜோடி போட்டு விட்டாங்க. பியூட்டும் கெய்த்னஸும் ஒரு ஜோடி, கிளாக்மனனும் கின்ராஸும் ஒண்ணு, நேர்னும் குரோமார்ட்டியும் ஒண்ணு. ஒரு பார்லிமென்ட்டுக்கு இவன் ஆள் அனுப்புனா அடுத்ததுக்கு அவன். பியூட் எங்க இருக்கு கெய்த்னஸ் எங்க இருக்குன்னு மேப்ப எடுத்துப் பாரு, ஒண்ணு தென்மேற்கு கடல்ல தீவு, இன்னொண்ணு வடகோடி முனை. தன் முறை இல்லாத காலம் முழுக்க அந்த ஷயருக்குன்னு பேச ஒருத்தர் கூட கிடையாது. இந்த ஏற்பாடு 1832 வரைக்கும் ஓடுச்சு.

முத பிரிட்டிஷ் பார்லிமென்ட்டுக்கு போன 45 பேர ஷயர் ஷயரா எலெக்‌ஷன் வச்சும் எடுக்கல, பழைய பார்லிமென்ட்டே தன் ஆளுங்களுக்குள்ள பாத்து அனுப்பிச்சுருச்சு. சார்ட்ல 1587, 1640, 1690, 1707 நாலு கட்டம் போட்டு கிளாக்மனனுக்கும் பைபுக்கும் மட்டும் நம்பர் எழுது, போதும். வரைஞ்சு முடிச்சதும் இங்க போடு, வியாழனுக்கு முன்னாடி ஒரு தடவ பாத்து தர்றேன்.