பிச்சை, குப்பை, மூக்காண்டி: இந்த வகைப் பெயருக்கு ஒரு சொல் வேண்டும்

பாளையங்கோட்டையிலிருந்து:

அனைவருக்கும் வணக்கம். உலகம் முழுக்க ஆட்களுக்குப் பெயர் வைக்கும் வழக்கங்களைப் பற்றிய ஒரு கட்டுரையை மொழிபெயர்த்துக்கொண்டிருக்கிறேன், கல்லூரிப் பிள்ளைகளுக்கான தொகுப்பு, வெள்ளிக்கிழமை காலையில் கொடுத்தாக வேண்டும். குடும்பப்பெயர், தந்தைவழிப்பெயர், பட்டப்பெயர் எல்லாம் ஒருவழியாக முடிந்துவிட்டது. ஒரு வகையில்தான் நிற்கிறேன். ஆங்கிலத்தில் அபோட்ரோபேயிக் நேம் என்கிறார்கள், கேட்டைத் திருப்பி அனுப்புவது என்ற கிரேக்கச் சொல்லிலிருந்து வந்தது. வரிசையாகப் பிள்ளைகளைப் பறிகொடுத்த வீட்டில் அடுத்துப் பிறந்ததற்கு வேண்டுமென்றே மட்டமான பெயரை வைப்பது. மங்கோலியாவில் நெர்குய் என்றால் பெயர் இல்லாதவர், எனெபிஷ் என்றால் இது இல்லை, குன்பிஷ் என்றால் மனிதர் இல்லை. சீனக் கிராமங்களில் கௌஷெங், நாய் மிச்சம் வைத்தது. நம்ம பக்கத்துப் பிச்சை, குப்பன், மூக்காண்டி எல்லாம் இதே வகைதான். எனக்குத் தோன்றியது காப்புப்பெயர். ஆனால் காப்புரிமை, காப்பீடு என்று அலுவலக வாடை அடிக்கிறது. வேறு நல்ல சொல் இருந்தால் சொல்லுங்கள்.

தென்காசியிலிருந்து:

அம்மா, காப்பு என்றதும் பிள்ளைத்தமிழின் காப்புப் பருவம்தான் தமிழ் படித்தவனுக்கு நினைவு வரும். அது தெய்வங்களைக் கூப்பிட்டுக் காக்கச் சொல்வது. நீங்கள் கேட்பது அதற்கு நேர் எதிர், தெய்வமோ பேயோ இந்தப் பக்கமே திரும்பாமல் பார்த்துக்கொள்வது. நன்னூலில் தகுதி வழக்கு மூன்று: இடக்கரடக்கல், மங்கலம், குழூஉக்குறி. செத்தாரைத் துஞ்சினார் என்பது மங்கலம், அமங்கலமான பொருளை மங்கலமான சொல்லால் சொல்வது. இங்கே மங்கலமான பொருளை, அதாவது பிள்ளையை, அமங்கலச் சொல்லால் மூடுகிறோம். ஆகவே மறைமங்கலப் பெயர். இலக்கணம் போட்டுக் கொடுத்த பாதையிலேயே போகிறது பாருங்கள்.

இன்னொன்று. குப்பை என்பது முதலில் இழிந்த சொல்லே அல்ல. குவி, குவை, குப்பை என்று வருவது, குவியல் என்பதே பழைய பொருள். நெற்குப்பை என்று சிவகங்கைப் பக்கம் ஊரே இருக்கிறது. குறுந்தொகையில் குப்பைக்கோழியார் என்று ஒரு புலவர். குப்பன் என்று பெயர் வைத்தவர்கள் நெல் குவிந்த வீடாக வேண்டும் என்று வாழ்த்தி வைத்திருக்கவும் கூடும் என்பது என் நெடுநாள் எண்ணம்.

மேலப்பாளையத்திலிருந்து:

ஐயா, குப்பைக்கோழியாருக்கு அந்தப் பெயர் வந்தது ‘குப்பைக் கோழித் தனிப்போர் போல’ என்று அவர் பாடிய உவமையால். பாட்டால் வந்த பெயர், தாயார் வைத்த பெயர் இல்லை. நெற்குப்பை சரி, ஆனால் பிறந்த பிள்ளையைக் குப்பைமேட்டில் கிடத்தி எடுத்துக் குப்பன், குப்பம்மாள் என்று கூப்பிட்ட வீடுகளில் யாரும் நெல்லை நினைக்கவில்லை. தெலுங்கில் பெண்டய்யா இருக்கிறார், பெண்ட என்றால் சாணக்குப்பை. கன்னடத்தில் திப்பண்ணா, திப்பே என்றால் குப்பைமேடு. அங்கெல்லாம் எந்த நெல்லைக் கொண்டுபோய்க் குவிப்பது?

மறைமங்கலம் என்றால் வகுப்பில் ஒரு பிள்ளைக்கும் விளங்காது. திருஷ்டிப் பெயர் என்று போடுங்கள், எங்கள் தெருவில் பாத்திமாவும் புரிந்துகொள்வாள், பக்கத்துத் தெருவில் பார்வதியும் புரிந்துகொள்வாள். எங்களிடமும் இந்தப் பெயர்கள் உண்டு, பிச்சை, பக்கீர் என்று. நாகூரில் நேர்ந்து பிறந்த பிள்ளைக்கு அப்படி வைப்பார்கள்.

தென்காசியிலிருந்து:

தம்பி, புரியும் என்பதற்காக வடசொல்லை எடுத்தால் அப்புறம் கலைச்சொல் எதற்கு, ஆங்கிலத்தையே எழுதிவிட்டுப் போகலாமே. கண்ணேறு என்று நல்ல சொல் இருக்கிறது. நம்ம ஊரில் கிழவிகள் கண்ணூறு என்பார்கள், கண்ணால் வரும் ஊறு என்று பிரித்தால் ஏறு என்பதைவிட அதுவே பொருத்தம். ஏறு என்பதற்கு எறிதல், அடி என்ற பொருள் உண்டு, கல்லேறு, வில்லேறு போல. ஊறுக்கோ துன்பம் என்றே பொருள். ஆகக் கண்ணூறு மருவாமல் நிற்கும் மூலச்சொல்லாகவே இருக்கலாம்.

பாளையங்கோட்டையிலிருந்து:

ஐயா, நல்ல விளக்கம், ஆனால் வியாழக்கிழமை ஆகிவிட்டது.

நாசரேத்திலிருந்து:

கண்ணேறு, திருஷ்டி இரண்டுமே இதில் பாதியைத்தான் சொல்லும். கண் படுவது அழகான பிள்ளைக்கு, வளர்ந்த பயிருக்கு. இங்கே பயம் சாவைப் பற்றியது. கிழக்கு ஐரோப்பிய யூதர்கள் நோய்ப்பட்ட பிள்ளைக்கு ஆல்டர் என்று பெயர் மாற்றுவார்கள், இத்திஷ் மொழியில் கிழவன். சாவு வந்து குழந்தையைத் தேடினால் அங்கே கிழவன் இருப்பான். பிள்ளை நெடுநாள் வாழட்டும் என்ற வாழ்த்தும் அதிலேயே இருக்கிறது. அதில் மட்டம் எதுவும் இல்லை என்பதைக் கவனியுங்கள். வேதாகமத்தில் ராகேல் சாகும்போது பிள்ளைக்குப் பெனொனி, என் துக்கத்தின் மகன், என்று வைத்தாள், யாக்கோபு அதைப் பென்யமீன் என்று மாற்றிவிட்டார், வலக்கையின் மகன். அங்கே கெட்ட பெயர் நிற்கவே கூடாது என்கிறார்கள், நம் வீடுகளில் கெட்ட பெயரால்தான் பிள்ளை பிழைக்கிறது என்கிறோம். இரண்டும் பெயருக்கு வலு உண்டு என்ற நம்பிக்கைதான்.

அம்பாசமுத்திரத்திலிருந்து:

நாசரேத் அண்ணாச்சி சொன்னதிலிருந்து தொடங்குகிறேன், கொஞ்சம் நீளும்.

இந்தப் பெயர்கள் எல்லாவற்றையும் ஏமாற்று என்று ஒரே கட்டாகக் கட்டினால் தப்பாகும். ஏமாற்றும் பெயர்கள் உண்டு, மங்கோலியப் பெயர்கள், கௌஷெங், நம்ம குப்பன். தூக்கிப் போட்டு எடுக்கும் பெயர்கள் உண்டு. ஜப்பானில் ஹிதேயோஷிக்கு 1589-ல் பிறந்த மகனைச் சுதே என்று கூப்பிட்டார்கள், தூக்கிப் போட்டது என்று பொருள். 1591-ல் அந்தப் பிள்ளை இறந்துபோனது. 1593-ல் அடுத்த மகன் பிறந்ததும் ஹிரோய் என்றார்கள், பொறுக்கி எடுத்தது. நாட்டையே ஆண்டவர் வீட்டிலும் நம் குப்பைமேட்டு வழக்கம்தான். விற்று வாங்கும் பெயர்கள் உண்டு. வங்காளத்தில் தின்கொடி, பாஞ்ச்கொடி, மூன்று சோழி, ஐந்து சோழி. நாம் தவிட்டுக்குக் கொடுத்து வாங்குவோம். மராத்தியில் தோண்டு என்றால் கல், கல்லை யார் கொண்டுபோவார்கள். பெண்கல்விக்கு உழைத்து 1958-ல் பாரத ரத்னா பெற்ற தோண்டோ கேசவ் கார்வேயின் பெயரில் இருப்பதும் அந்தச் சொல்தான்.

ஆனால் மேற்கு ஆப்பிரிக்காவின் யொரூபா மக்களைப் பாருங்கள். பிறந்து பிறந்து செத்துப்போகும் பிள்ளையை அபிக்கூ என்பார்கள், ஒரே பிள்ளைதான் திரும்பத் திரும்ப வருகிறது என்று நம்பிக்கை. அடுத்து வருவதற்கு மாலோமோ என்று வைப்பார்கள், இனிப் போகாதே. துரோஜையே, நின்று வாழ்ந்து அனுபவி. கொக்கூமோ, இனிச் சாகமாட்டான். இதில் யாரையும் ஏமாற்றவில்லை, பிள்ளையிடம் நேராகவே கெஞ்சுகிறார்கள். துருக்கியில் துர்சுன், நிற்கட்டும். நம்ம பிச்சையும் இந்தப் பக்கம்தான் சேரும். மடிப்பிச்சை எடுத்துப் பெற்ற பிள்ளை, சாமி கொடுத்தது, நீயே பார்த்துக்கொள் என்று சொல்லும் பெயர். மூக்காண்டிக்கு மூக்குக் குத்தியதோ பெண்பிள்ளை என்று காட்ட.

ஏமாற்றுவது, எறிவது, விற்பது, கெஞ்சுவது, இத்தனைக்கும் பொதுவாக என்ன இருக்கிறது? நம்ம ஊரில் இந்த மாதிரி வீட்டைப் பற்றி என்ன சொல்வார்கள்? “அவளுக்குப் பிள்ளை தங்கல.” இசக்கியம்மன் கோயிலில் தொட்டில் கட்டும்போது என்ன வேண்டுகிறார்கள்? “இதாவது தங்கணும் தாயே.” பொருள் அந்த வாயிலேயே இருக்கிறது. தங்குபெயர் என்று வைப்போம். துருக்கியும் யொரூபாவும் அதே சொல்லைத்தான் பெயராகவே வைத்திருக்கிறார்கள்.

தென்காசியிலிருந்து:

உணர்ச்சி புரிகிறது. ஆனால் தங்குபெயர் வினைத்தொகை. தங்கிய பெயர், தங்குகின்ற பெயர், தங்கும் பெயர் என்று விரியும். தங்குவது பெயர் என்றாகிறதே, பிள்ளை எங்கே? நிலைத்துவிட்ட பட்டப்பெயர் என்றுதான் மாணவன் எழுதுவான். ஆகுபெயரோடும் குழப்புவான்.

அம்பாசமுத்திரத்திலிருந்து:

எழுதுகோல் என்றால் கோலா எழுதுகிறது? உண்கலம் என்றால் கலமா உண்கிறது? எதனால் எழுதுகிறோமோ அது எழுதுகோல். எதனால் பிள்ளை தங்குமோ அது தங்குபெயர். ஐயா இதை வகுப்பில் எத்தனையோ பேருக்குச் சொல்லிக்கொடுத்தவர்.

தென்காசியிலிருந்து:

எழுதுகோல் வழக்கில் ஊறிய சொல், கேட்டதும் பொருள் விளங்கும். புதுச்சொல்லுக்கு அந்தச் சலுகை கிடையாது. நான் ஒப்பவில்லை.

சங்கரன்கோவிலிலிருந்து:

பள்ளிக்கூடத்தில் இருப்பவள் என்ற முறையில் ஒன்று கேட்கிறேன். போதும்பொண்ணு, வேண்டாம் என்றெல்லாம் பெண்பிள்ளைகளுக்கு வைக்கிறார்களே, அதையும் இதற்குள் கொண்டுவருவீர்களா? கட்டுரையில் அப்படி இருந்தால் பிரித்துவிடுங்கள் அக்கா. பிச்சை என்று வைத்தவள் பிள்ளை இருக்க வேண்டும் என்று வைத்தாள். போதும்பொண்ணு என்று வைத்தது அடுத்தது ஆணாக இருக்க வேண்டும் என்று. அந்தப் பெயரை வருகைப்பதிவில் கூப்பிடும்போது பிள்ளை தலையைக் குனிந்துகொள்வதை நான் பார்க்கிறேன். காப்பு என்ற சொல்லை அதன்மேல் ஒட்டவே கூடாது. அம்பாசமுத்திரத்து அண்ணன் சொல்லில் இந்தப் பிரிவு தானாகவே வந்துவிடுகிறது, தங்க வேண்டும் என்று நினைத்து வைத்ததா இல்லையா என்று கேட்டால் போதும். அதற்காகவே என் ஓட்டு தங்குபெயருக்கு.

மேலப்பாளையத்திலிருந்து:

டீச்சர் சொன்ன பிரிவு சரி. அந்தப் பெயர்களுக்குத் தனிச்சொல் வேண்டும். ஆனாலும் முதல்முறை படிப்பவருக்குத் தங்குபெயரைவிடக் காப்புப்பெயர்தான் லேசு. திருஷ்டியை விட்டுவிடுகிறேன், காப்புக்கு வருகிறேன்.

நாசரேத்திலிருந்து:

எனக்கும் காப்புப்பெயர் போதும். ஆல்டருக்கும் பொருந்துகிறது.

பாளையங்கோட்டையிலிருந்து:

காப்புப்பெயர் என்றே அனுப்புகிறேன், நேரம் இல்லை. அலுவலக வாடை எனக்கு இன்னும் போகவில்லை, ஆனால் மற்ற எதற்கும் இத்தனை பேர் சேரவில்லை. யொரூபாப் பத்தியில் ஒரு இடத்தில் “பிள்ளை தங்குவதற்காக வைக்கும் பெயர்” என்று விரித்து எழுதிவிட்டேன். போதும்பொண்ணு கட்டுரையில் இல்லை. டீச்சர் சொன்னதை வைத்து ஒரு மொழிபெயர்ப்பாளர் குறிப்பு சேர்த்திருக்கிறேன், பதிப்பாசிரியர் விடுவாரா தெரியவில்லை.

அம்பாசமுத்திரத்திலிருந்து:

சரி, தொகுப்பில் அப்படியே போகட்டும். நான் எழுதும் இடத்தில் தங்குபெயர் என்றுதான் எழுதுவேன். டீச்சர், போதும்பொண்ணு வகைக்கு என்ன சொல்லலாம் என்று புது இழையில் தொடங்குங்கள். வெறுப்புப்பெயர் என்று மட்டும் வேண்டாம், அந்தப் பிள்ளைகளும் அதைப் படிப்பார்கள்.

தென்காசியிலிருந்து:

அந்த இழைக்கு நானும் வருகிறேன். கண்ணூறு பற்றி யாரும் மறுக்கவில்லை என்பதையும் பதிவு செய்கிறேன்.