மறுமொழி: ‘சிம்’மில் வைத்தல் – அடுப்புக்கு அன்று, தண்ணீருக்கு ஒரு சொல்

அன்புள்ள குழுவினருக்கு,

வணக்கம். எங்கள் வட்டாரச் சமூக மன்றத்தில் நடக்கவிருக்கும் சமையல் வகுப்புக்காக, மெக்சிகோ பாணியில் பன்றி இறைச்சியும் ராஜ்மாவும் சேர்த்துச் செய்யும் எளிய சூப்பின் செய்முறையைத் தமிழில் எழுதித் தரும் வேலை என்னிடம் வந்திருப்பதைச் சென்ற மடலில் குறிப்பிட்டிருந்தேன். ஒரே பக்கத்தில் அடங்கிவிடும் செய்முறைதான். ஆனால் அதிலுள்ள ஒரு வினைச்சொல் என்னை மூன்று நாள் நகரவிடாமல் நிறுத்திவிட்டது. பானை நீர் பொங்கிப் புரண்டு கொதிப்பதற்கு ஆங்கிலத்தில் ஒரு சொல்லும், அடியிலிருந்து சிறு குமிழிகள் மட்டும் ஒன்றிரண்டாக எழுந்துகொண்டிருக்க, மேற்பரப்பு இலேசாக நடுங்கும் நிலைக்கு வேறொரு சொல்லும் (‘சிம்மர்’) உள்ளன. முதலாவதைக் ‘கொதித்தல்’ என்று எழுதிவிட்டேன். இரண்டாவதற்குத்தான் குழுவின் உதவியைக் கேட்டேன். மறுமொழி எழுதிய அனைவருக்கும் நன்றி. வந்த சொற்களை ஒவ்வொன்றாக எடுத்துக்கொள்கிறேன்.

‘சிறுதீயில் வேகவைத்தல்’ என்பதே போதும் என்று நால்வர் எழுதியிருந்தார்கள். நம் வீடுகளில் காலங்காலமாக வழங்கும் தொடர் அது. அதன் அழகில் எனக்கு ஐயமில்லை. ஆயினும் அது தீயைப் பற்றிய சொல். தண்ணீரைப் பற்றியது அன்று. விறகடுப்பிலும் எரிவாயு அடுப்பிலும் தீயைக் கண்ணால் பார்க்கலாம் என்பதால் நம் சமையல் மொழி தீயின் அளவைச் சொல்லியே நீரின் நிலையைக் குறிப்பாக உணர்த்திவந்தது. இங்கே சிங்கப்பூரில் பல வீவக (அரசு அடுக்குமாடி) வீடுகளில் இப்போது மின்தூண்டல் அடுப்பு இருக்கிறது. அதில் தீயே இல்லை. எரிவாயு அடுப்பிலும்கூட, இரண்டு லிட்டர் பானைக்குச் சிறுதீ செய்யும் வேலையை எட்டு லிட்டர் பானைக்கு அதே சிறுதீ செய்யாது. தீயின் அளவு ஒன்றாகவே இருக்க, நீரின் நிலை மாறிவிடுகிறது.

‘சிம்’ என்ற சொல்லை விட்டுவிட்டு ஏன் அலைகிறீர்கள் என்று ஓர் அம்மையார் உரிமையோடு கடிந்திருந்தார். அவர் சொல்வதில் பாதி நியாயம் உண்டு. ஊரிலிருந்து வரும் எரிவாயு அடுப்புகளின் திருகில் அந்த மூன்றெழுத்து அச்சிட்டிருக்கும்; நாம் தேடும் ஆங்கிலச் சொல்லின் தலைப்பகுதிதான் அது. அந்த வகையில் அச்சொல் நம் அடுப்படிக்கு எப்போதோ வந்து குடியேறிவிட்டது. ஆனால் குடியேறியபோது பொருள் மாறிவிட்டது. ‘சிம்மில் வை’ என்றால் திருகைக் கடைசி வரை குறைத்து வை என்றுதான் கேட்பவர் கொள்கிறார்; பால் காய்வதும் தோசைக்கல் காத்திருப்பதும் பிரியாணி தம்மில் இருப்பதும் எல்லாமே ‘சிம்’தான். திருகின் நிலையைச் சொல்லும் சொல்லாக அது இருந்துவிட்டுப் போகட்டும். கைப்பேசிக்குள் போடும் அட்டையோடு குழப்பம் வருமே என்ற கவலை மட்டும் எனக்கில்லை. யாரும் அதைச் சூப்பில் போடப்போவதில்லை.

‘சுண்டவைத்தல்’ பொருந்தாது. அது நீரை வற்றச் செய்து குழம்பைக் கெட்டியாக்குவது. நான் கேட்ட நிலையில் நீர் குறைவது நோக்கமன்று. ‘சிறுகொதி’ என்பது நல்ல முயற்சி. ஆனால் ‘சிறு’ என்ற முன்னொட்டும் நீரைப் பற்றிய பேச்சும் அடுத்தடுத்து வந்தால் வகுப்பில் முதலில் சிரிப்பது யார் என்பது எனக்குத் தெரியும். அதைவிடப் பெரிய குறை, ‘சிறு’ என்பது நேரக் குறைவையும் உணர்த்திவிடுவது. ‘ஒரு கொதி வந்ததும் இறக்கு’ என்று பழகிய காதுக்குச் சிறுகொதி என்றால் சற்று நேரம் கொதிக்கவிடுவது என்றே படும். இங்கே தேவைப்படுவதோ ஒன்றரை மணி நேரம்.

இந்த ‘ஒரு கொதி, இரண்டு கொதி’ வழக்கைத்தான் நான் பிடித்துக்கொள்ள விரும்புகிறேன். தமிழில் கொதி என்பது வினைப்பகுதி மட்டுமன்று. எண்ணக்கூடிய பெயரும் ஆகும். எனவே அதற்கு அடைமொழி சேர்ப்பது மொழியின் இயல்புக்கு மாறானதன்று. இளஞ்சூடு என்ற சொல் நம் எல்லோர் வாயிலும் இருக்கிறது. அதன் தங்கையாக ‘இளங்கொதி’ என்றும், பொங்கிப் புரளும் நிலைக்கு ‘முழுக்கொதி’ என்றும் இரட்டையாக முன்மொழிகிறேன். தனியாக ஒன்றை மட்டும் ஆக்கினால் நிற்காது. ‘கொதிக்கவை’ என்ற பொதுச்சொல் இரண்டுக்கும் நடுவே நின்று மயக்கம் தந்துகொண்டே இருக்கும்.

ஒரு சூப்புக்கு இவ்வளவு ஆராய்ச்சியா என்று கேட்ட நண்பருக்கு இனி விடை சொல்ல வேண்டும். இந்தச் சூப்பில் சொல் பிசகினால் வயிறு கெடும். காய்ந்த ராஜ்மாவில் பைட்டோஹீமக்ளூட்டினின் என்ற லெக்டின் வகைப் புரதம் நிறைய இருக்கிறது. சரியாக வேகாத நான்கைந்து விதைகள் உள்ளே போனாலே ஒன்றிலிருந்து மூன்று மணி நேரத்துக்குள் குமட்டலும் வாந்தியும் தொடங்கக்கூடும். முழுக்கொதியில் குறைந்தது 10 நிமிடம் வெந்தால் அது அழிந்துவிடும். அமெரிக்க உணவு, மருந்து நிர்வாகம் பாதுகாப்பை முன்னிட்டு 30 நிமிடம் என்கிறது. விபரீதம் என்னவென்றால், கொதிநிலையை எட்டாமல் 80 டிகிரி செல்சியஸ் அளவிலேயே நெடுநேரம் கிடந்தால் அதன் நச்சுத்தன்மை ஐந்து மடங்கு வரை கூடலாம். மெதுவாக வேகவைக்கும் மின்பானையில் ஊறிய ராஜ்மாவை நேரடியாகப் போட்டுவிட்டு வேலைக்குச் செல்பவர்கள் இதனால்தான் சங்கடப்படுகிறார்கள். ‘முதலில் முழுக்கொதியில் 30 நிமிடம், பிறகு இளங்கொதியில்’ என்று எழுத வேண்டிய இடத்தில் ‘மிதமான தீயில் நன்கு வேகவைக்கவும்’ என்று நான் எழுதிவிட்டால் அது மொழிபெயர்ப்புப் பிழையோடு நிற்காது.

மறுபக்கம், முழுக்கொதியிலேயே கடைசி வரை விட்டாலும் சூப் கெடும். இந்தச் சமையலுக்குத் தோள்பட்டை இறைச்சியை வாங்கச் சொல்கிறோம். அதில் தசைகளை இணைக்கும் கொலாஜன் என்ற புரதம் அதிகம். அது பொறுமையான சூட்டில் மெல்ல மெல்லக் கரைந்து ஜெலட்டினாக மாறும்போதுதான் இறைச்சி விரலால் பிரிக்கும் அளவுக்கு மென்மையாகி, சாறும் உதட்டில் ஒட்டும் பதத்துக்கு வரும். புரட்டிப் புரட்டிக் கொதித்தால் தசைநார்கள் இறுகி, உலர்ந்த கயிறுபோல் ஆகும். கொழுப்பு சாற்றில் கலந்து கலங்கும். ராஜ்மாவின் தோலும் கழன்றுவிடும். பக் குட் தே என்ற பன்றி விலா எலும்பு சூப் செய்யும் கடைக்காரர்களைக் கவனித்தால் இது புரியும்: எலும்பை முதலில் வெந்நீரில் கொதிக்கவிட்டு அழுக்கு நீக்குவது ஒரு நிலை, பிறகு மிளகும் பூண்டும் சேர்த்து அமைதியாக வேகவிடுவது வேறொரு நிலை.

ராஜ்மாவின் பெயர் குறித்தும் ஒரு வார்த்தை. ‘சிவப்புக் காராமணி’ என்று எழுதலாமே என்ற பரிந்துரையை ஏற்க இயலாது. காராமணி ஆப்பிரிக்காவில் தோன்றிய பயறு. ராஜ்மாவும், மெக்சிகோவில் பெரிதும் புழங்கும் புள்ளி விழுந்த பிண்ட்டோவும், கறுப்பு பீன்ஸும் அமெரிக்கக் கண்டத்தில் பயிராக்கப்பட்ட வேறோர் இனம். நாம் பொரியல் செய்யும் பச்சை பீன்ஸும் அந்த இனம்தான். ஒன்றைப் பிஞ்சுக் காயாகத் தின்கிறோம், மற்றொன்றை முற்றிய விதையாக. காராமணி என்று எழுதினால், முழுக்கொதி அவ்வளவு கட்டாயமில்லை என்று படிப்பவர் எண்ணிவிடுவார். ஆகவே ராஜ்மா என்றே இருக்கட்டும். மளிகைக் கடையிலும் அப்படித்தான் கேட்கிறோம். சூப்பையும் சூப் என்றே விட்டுவிட்டேன். தேவையில்லாத இடத்தில் சொல்லாக்குவது எனக்கு உடன்பாடில்லை.

அன்புடன்,
பிடோக்கிலிருந்து

* * *

பிடோக் நண்பருக்கு,

வணக்கம். ‘முழுக்கொதி’யை ஏற்கிறேன். ‘இளங்கொதி’யில் ஒரு தடை உண்டு. பொறியாளன் என்பதால் இதைச் சொல்லாமல் இருக்க முடியவில்லை: நீங்கள் விவரிக்கும் நிலை கொதிநிலைக்குக் கீழே உள்ளது. கொதிக்காத ஒன்றுக்குக் கொதி என்று பெயரிடுவது பள்ளிப் பாடநூலின் ‘கொதிநிலை’ என்ற சொல்லோடு முரண்படாதா? வெப்ப அளவைக் கொண்டு, எடுத்துக்காட்டாக 85 முதல் 95 டிகிரி வரை என்று வரையறுத்து, ‘முன்கொதி’ என்று வைத்தால் அறிவியலுக்கும் பொருந்துமே.

இன்னொன்று. என் வீட்டில் பன்றி இறைச்சி புழங்குவதில்லை. இதே செய்முறையை ஆட்டிறைச்சியில் செய்யலாமா?

ஜூரோங்கிலிருந்து

* * *

ஜூரோங் ஐயா அவர்களுக்கு,

தடையை எழுப்பியமைக்கு நன்றி; இதை எதிர்பார்த்தேன். பானையின் மொத்த நீரும் கொதிநிலையை எட்டவில்லை என்பது உண்மையே. ஆனால் அடித்தட்டை ஒட்டிய நீர் அந்நிலையை எட்டுகிறது. அங்கே உருவாகும் நீராவிக் குமிழிகள்தாம் மேலே கிளம்பி, சற்றுக் குளிர்ந்த நீரில் பட்டு, பல வழியிலேயே அடங்கிவிடுகின்றன. கொதி தொடங்கியிருக்கிறது, முற்றவில்லை. இளமை என்பதற்கு இதைவிடப் பொருத்தமான விளக்கம் எனக்குத் தோன்றவில்லை. ‘முன்கொதி’ என்றால் கொதிப்பதற்கு முன்பு ஒருமுறை செய்யும் வேலை என்று ஆகிவிடும். முன்பணம், முன்பதிவு போல.

வெப்ப அளவால் வரையறுக்க நான் தயங்குவதற்கு இந்தச் சூப்பின் சொந்த ஊரே காரணம். சிங்கப்பூர் கடல்மட்டத்தில் இருப்பதால் இங்கே நீர் 100 டிகிரியில் கொதிக்கிறது. மெக்சிகோ நகரமோ ஏறத்தாழ 2,240 மீட்டர் உயரத்தில் இருக்கிறது. அங்கே நீர் 93 டிகிரியை ஒட்டியே கொதித்துவிடும். உங்கள் 85 முதல் 95 வரையறைப்படி அந்நகரத்தின் முழுக்கொதி நம் ஊரின் முன்கொதி ஆகிவிடுகிறது. அங்கே விதை வேகக் கூடுதல் நேரம் பிடிப்பதும் இதனால்தான். ஆகவே கண்ணால் காணும் குறியால் வரையறுப்போம்: கரண்டியால் கிளறினாலும் குமிழ்கள் அடங்காமல் எழுந்தால் முழுக்கொதி, மேற்பரப்பில் அங்கொன்றும் இங்கொன்றுமாகக் குமிழ் உடைந்தால் இளங்கொதி. பாகுக்குக் கம்பிப் பதம் என்று சொன்னவர்களும் வெப்பமானியைப் பார்த்துச் சொல்லவில்லை. மிளகைப் போல் காரமாக இருந்த புதிய காய்க்கு மிளகாய் என்று பெயர் வைத்தவர்களும் செடியின் குடும்பத்தை ஆராயவில்லை. பார்த்தவுடன் புரியும் சொல்லாக இருந்ததால் அது நின்றது. அந்தக் காயும் தக்காளியும் மெக்சிகோ பக்கத்திலிருந்து வந்தவை என்பதை வகுப்பில் சொல்லலாம் என்றிருக்கிறேன்.

ஆட்டிறைச்சியில் தாராளமாகச் செய்யலாம். தோள்பட்டைப் பகுதியே ஏற்றது, நேரம் சற்றுக் கூடும். வகுப்பு நாளைப் பற்றியும் ஓர் இக்கட்டு. மெக்சிகோவின் யுகடான் பகுதியில் கறுப்பு பீன்ஸும் பன்றி இறைச்சியும் சேர்ந்த சமையல் மரபாகத் திங்கட்கிழமைக்கு உரியது என்பதால், திங்களன்றே வகுப்பை வைக்கலாம் என்று ஒருவர் ஆசைப்பட்டார். திங்களும் வெள்ளியும் மரக்கறி மட்டுமே உண்போர் பதிவுப் பட்டியலில் பலர் இருந்ததால் சனிக்கிழமைக்கு மாற்றிவிட்டோம்.

இரண்டு சொற்களையும் பயன்படுத்தித் திருத்திய செய்முறையைக் கீழே தருகிறேன். ஆறு பேருக்கான அளவு. மொழியில் இடறும் இடம் இருந்தால் வியாழனுக்குள் தெரிவியுங்கள். அதன்பின் அச்சுக்குப் போய்விடும்.

“300 கிராம் ராஜ்மாவை முந்தைய இரவே நிறைய நீரில் ஊறவைத்து, காலையில் அந்த நீரைக் கொட்டிவிட்டு, இரண்டு லிட்டர் புதிய நீரில் இட்டு முழுக்கொதியில் 30 நிமிடம் வேகவிடுக. இதற்கிடையில் 500 கிராம் பன்றித் தோள்பட்டை இறைச்சியைப் பெரிய துண்டுகளாக்கி, ஈரம் ஒற்றி எடுத்து, சிறிது எண்ணெயில் எல்லாப் பக்கமும் சிவக்க வறுத்துத் தனியே வைக்க. அதே சட்டியில் நறுக்கிய இரண்டு வெங்காயத்தையும் ஆறு பல் பூண்டையும் வதக்கி, ஒரு தேக்கரண்டி சீரகத்தூளும், விதை நீக்கி வெந்நீரில் ஊறவைத்து அரைத்த நான்கு காய்ந்த மிளகாயும் சேர்த்து மணம் வரும்வரை பிரட்டுக. இவை அனைத்தையும் ராஜ்மா பானையில் சேர்த்து, அடுப்பைக் குறைத்து, மூடியைச் சற்றுத் திறந்தபடி வைத்து, இளங்கொதியில் ஒன்றரை மணி நேரம் வைத்திருக்க. நீர் குறைந்தால் வெந்நீர் மட்டும் ஊற்றுக. புளி ஊற்றினால் பருப்பு வேகாது என்பது தக்காளிக்கும் பொருந்தும் என்பதால், விதை விரலில் நசுங்கிய பின்னரே நறுக்கிய மூன்று தக்காளியையும் உப்பையும் சேர்த்து, மேலும் 20 நிமிடம் இளங்கொதியில் விடுக. டப்பாவில் வரும் ராஜ்மா முன்பே வெந்தது. அதற்கு முழுக்கொதி வேண்டாம், தக்காளியோடு சேர்த்தால் போதும். இறக்கியபின் கொத்தமல்லித் தழை தூவி, எலுமிச்சை பிழிந்து பரிமாறுக.”

அன்புடன்,
பிடோக்கிலிருந்து